பரணில் கிடக்கும் பிஎஸ்2 கேம்களை கம்ப்யூட்டரில் ஆடுவது திருட்டா? எமுலேட்டர் போடும் முன் படியுங்கள்

'ஹியர் கம்ஸ் தி பெயின்' என்ற பெயரைக் கேட்டதும் உங்கள் கட்டைவிரல் லேசாகத் துடிக்கிறதா? அப்படியென்றால் இந்தக் கட்டுரை உங்களுக்குத்தான். 2003 அக்டோபரில், பிளேஸ்டேஷன் 2க்கு மட்டும் வெளிவந்த டபிள்யூடபிள்யூஇ கேம் அது. அட்டையில் பிராக் லெஸ்னர். டென் ஸ்போர்ட்ஸில் ரெஸ்லிங் பார்த்துவிட்டு, ட்ரம்ப் கார்டில் அண்டர்டேக்கருக்கு என்ன ரேங்க் என்று சண்டை போட்ட ஒரு தலைமுறை, தெருமுனை கேம் சென்டரில் பாக்கெட் மணியைக் கரைத்தது இதில்தான்.

இப்போது ஒரு சின்னக் கேள்வி. அந்த கேமை இன்றைக்கு நேர்மையாகக் காசு கொடுத்து வாங்க வேண்டும் என்றால் எங்கே போவீர்கள்?

ஸ்டீமில் கிடையாது. பிளேஸ்டேஷன் ஸ்டோரில் கிடையாது. அதை வெளியிட்ட டிஎச்க்யூ நிறுவனம் 2012 டிசம்பரில் திவால் மனு கொடுத்தது. டபிள்யூடபிள்யூஇ உரிமம் அடுத்த ஆண்டே டேக்-டூ நிறுவனத்தின் 2கே கைக்குப் போய்விட்டது. கேமில் வரும் ஒவ்வொரு வீரரின் பெயர், முகம், என்ட்ரி பாட்டு எல்லாமே அந்தக் காலத்து ஒப்பந்தங்கள். இருபது வருடம் கழித்து அத்தனை பேரிடமும் மறுபடி கையெழுத்து வாங்கி ஒரு பழைய கேமை விற்பதற்கு எந்த நிறுவனமும் மெனக்கெடப் போவதில்லை. பழைய டிஸ்க்கை யாரிடமாவது செகண்ட் ஹேண்டில் வாங்கலாம். அதில் கேமை உருவாக்கியவருக்கு ஒரு ரூபாய்கூடப் போகாது.

இது ஒரு கேமின் கதை மட்டும் இல்லை. அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023 ஜூலையில் ஓர் ஆய்வை வெளியிட்டது. 2010க்கு முன்பு அந்த நாட்டில் வெளியான கேம்களில் 87 சதவீதம் இன்று எந்தக் கடையிலும் விற்பனையில் இல்லை என்பது அதன் முடிவு. நூறில் பதின்மூன்றுதான் மிச்சம்.

அதனால்தான் 'பிஎஸ்2 எமுலேட்டர்' என்று இத்தனை பேர் தேடுகிறார்கள். தேடியவுடன் இரண்டு குரல்கள் கேட்கும். "ப்ரோ, எல்லாம் ஃப்ரீ, டவுன்லோடு பண்ணு" என்பது ஒன்று. "அது பைரசி, ஜெயில்" என்பது இன்னொன்று. இரண்டுமே பாதி உண்மை. நம் நிலைப்பாட்டை முதலிலேயே சொல்லிவிடுவோம்: எமுலேட்டர் திருட்டு இல்லை. அதற்குள் போகும் கேம் எங்கிருந்து வந்தது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. உங்கள் வீட்டில் ஒரிஜினல் டிஸ்க் இருந்தால், அதை நகலெடுத்து வைக்க வேண்டிய நேரம் இது. ஏன் என்பதைப் பார்ப்போம். (செட்டப் மட்டும் தெரிந்தால் போதும் என்பவர்கள் கடைசிப் பகுதிக்குத் தாவலாம். ஆனால் நடுவில் இருப்பதைப் படிக்காமல் போனால் தப்பான சைட்டில் போய் மாட்டுவீர்கள், சொல்லிட்டோம்.)

எமுலேட்டர் என்னதான் செய்கிறது?

தேர்தல் நேரத்தில் டெல்லித் தலைவர் ஒருவர் மேடையில் இந்தியில் பேசுவார். பக்கத்தில் நிற்பவர் ஒவ்வொரு வாக்கியமாகத் தமிழில் சொல்வார். அவர் இரண்டு வாக்கியம் பின்தங்கினால் கூட்டம் சிரித்துவிடும், தப்பாகச் சொன்னால் மறுநாள் மீம். எமுலேட்டர் அந்த மொழிபெயர்ப்பாளர்தான். பிஎஸ்2 கேம், பிஎஸ்2வின் சிப்புக்குப் புரியும் மொழியில் எழுதப்பட்டது. உங்கள் லேப்டாப்பில் இருக்கும் இன்டெல், ஏஎம்டி சிப்புகளுக்கு அந்த மொழி தெரியாது. எமுலேட்டர் நடுவில் நின்று, நொடிக்குப் பல கோடி கட்டளைகளை மாற்றிச் சொல்கிறது.

கெட்டிக்கார மொழிபெயர்ப்பாளர் என்ன செய்வார்? தலைவர் ஒரே வரியைப் பத்துமுறை சொன்னால், பத்துமுறையும் புதிதாக யோசிக்க மாட்டார். முதல் தடவை குறித்துவைத்த சீட்டைப் பார்த்துப் படித்துவிடுவார். பிசிஎஸ்எக்ஸ்2 என்ற எமுலேட்டரும் அதைத்தான் செய்கிறது. ஒருமுறை மாற்றிய துண்டைச் சேமித்து வைத்து, மறுபடி வரும்போது அதையே ஓட்டுகிறது.

அப்படியென்றால் 2000ஆம் ஆண்டு மெஷினை ஓட்ட இன்றைய லேப்டாப் ஏன் திணறுகிறது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பிஎஸ்2வின் 'எமோஷன் என்ஜின்' பிராசஸரின் வேகம் சுமார் 294 மெகாஹெர்ட்ஸ், ரேம் வெறும் 32 எம்பி. உங்கள் மொபைலில் இருப்பதில் நூறில் ஒரு பங்குகூட இல்லை. ஆனால் அந்தப் பெட்டிக்குள் ஒருவர் பேசவில்லை. மெயின் சிப், கணக்குப் போடுவதற்கென்றே இரண்டு வெக்டர் யூனிட்கள், படம் வரையும் சிப், ஒலிக்குத் தனி, கன்ட்ரோலரையும் டிஸ்க்கையும் கவனிக்கப் பழைய பிஎஸ்1 பிராசஸரே தனியாக ஒன்று. ஒரே மேடையில் ஆறு பேர் ஒரே நேரத்தில் பேசுகிறார்கள். ஆறு பேரையும் ஒருவரும் முந்தாமல் பிந்தாமல் மொழிபெயர்க்க வேண்டும். அதனால்தான் எத்தனை கோர் இருக்கிறது என்பதைவிட, ஒரு கோர் எவ்வளவு வேகம் என்பது இங்கே முக்கியம்.

கவனியுங்கள், இதில் எங்கேயும் சோனியின் கோடு இல்லை. பிசிஎஸ்எக்ஸ்2 என்பது இருபது வருடத்துக்கும் மேலாகத் தன்னார்வலர்கள் சேர்ந்து எழுதிய ஓப்பன் சோர்ஸ் மென்பொருள். 2024 ஜூலையில் அதன் 2.0 வெளிவந்தது. பைசா கிடையாது.

சட்டம் என்ன சொல்கிறது?

எமுலேட்டர் வழக்குகளில் எல்லோரும் திரும்பிப் பார்ப்பது அமெரிக்காவில் நடந்த ஒன்றைத்தான். 1999ல் கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம், மேக் கம்ப்யூட்டரில் பிஎஸ்1 கேம்களை ஓட்டும் 'வர்ச்சுவல் கேம் ஸ்டேஷன்' மென்பொருளை விற்பனைக்குக் கொண்டுவந்தது. பிஎஸ்1 அப்போது கடையில் சூடாக விற்றுக்கொண்டிருந்த நேரம். சோனி வழக்குப் போட்டது. 2000ஆம் ஆண்டு பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றம் கனெக்டிக்ஸ் பக்கம் நின்றது. கன்சோல் எப்படி இயங்குகிறது என்று ஆராய்வதற்காக அதன் மென்பொருளை நகலெடுத்தது நியாயமான பயன்பாடுதான் என்றது. சரி, ஜெயித்த கனெக்டிக்ஸுக்கு என்ன ஆயிற்று? அடுத்த வருடமே சோனி அந்த மென்பொருளை விலைக்கு வாங்கி, இழுத்து மூடிவிட்டது. 'ப்ளீம்' என்ற இன்னொரு எமுலேட்டர் நிறுவனம் சோனியை எதிர்த்துக் கோர்ட்டில் நின்றது. வழக்குச் செலவு தாங்காமல் 2001ல் கடையை மூடியது. கோர்ட்டில் ஜெயிப்பதும் பிழைத்திருப்பதும் ஒன்றில்லை.

"அப்போ யூஸு கேஸ்?" என்று கேட்பீர்கள். 2024 பிப்ரவரியில் நின்டெண்டோ, ஸ்விட்ச் கன்சோலுக்கான யூஸு எமுலேட்டர்மீது வழக்குப் போட்டது. ஒரே மாதத்தில் 24 லட்சம் டாலர் தருவதாக ஒப்புக்கொண்டு யூஸு மூடப்பட்டது. ஆனால் இரண்டுக்கும் வித்தியாசம் இருக்கிறது. ஸ்விட்ச் அப்போது கடையில் விற்றுக்கொண்டிருந்த கன்சோல். அதன் கேம்கள் பூட்டுப் போட்டு வருபவை. பூட்டை உடைக்காமல் எமுலேட்டரில் ஓடாது. 'டியர்ஸ் ஆஃப் தி கிங்டம்' ரிலீஸ் ஆவதற்கு முன்பே கசிந்து, பத்து லட்சம் முறைக்கு மேல் டவுன்லோடு ஆனது என்பது நின்டெண்டோவின் குற்றச்சாட்டு. ரிலீஸ் ஆன வாரமே படத்தைத் தியேட்டரில் கேமராவில் எடுப்பதற்கும், எங்கேயும் கிடைக்காத கறுப்பு வெள்ளைப் படத்தை வீட்டில் இருக்கும் கேசட்டில் இருந்து டிஜிட்டலுக்கு மாற்றுவதற்கும் உள்ள வித்தியாசம் அது.

நம் நாட்டுச் சட்டத்துக்கு வருவோம். 1957ஆம் ஆண்டு காப்புரிமைச் சட்டத்தின் 52வது பிரிவு, எவையெல்லாம் மீறல் ஆகாது என்று பட்டியலிடுகிறது. கணினி நிரலின் ஒரு பிரதியைச் சட்டப்படி வைத்திருப்பவர், அது எதற்காகக் கொடுக்கப்பட்டதோ அதற்குப் பயன்படுத்துவதற்கும், தொலைந்துபோகாமல் கெட்டுப்போகாமல் தற்காலிகமாகப் பாதுகாப்பதற்கும் நகல் எடுக்கலாம் என்கிறது அதன் 'ஏஏ' உட்பிரிவு. அடுத்த உட்பிரிவு, வேறொருவர் சொந்தமாக எழுதிய மென்பொருள் இன்னொன்றோடு சேர்ந்து இயங்கத் தேவையான தகவலைப் பெறும் முயற்சிக்கும் பாதுகாப்பு தருகிறது. 2012 திருத்தத்தில் வந்த 65ஏ பிரிவு, டிஜிட்டல் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது. இரண்டு வருடம்வரை சிறை. ஆனால் 'உரிமையை மீறும் நோக்கத்துடன்' உடைத்தால்தான் என்று தெளிவாகவே எழுதியிருக்கிறார்கள். நோக்கம் என்ற அந்தச் சொல் முக்கியம்.

இன்னொரு தொழில்நுட்ப விஷயம். பிஎஸ்2 டிஸ்க்கில் உள்ள தகவல் பொதுவாக மறையாக்கம் செய்யப்பட்டதே இல்லை. போலி டிஸ்க்கைக் கண்டுபிடிக்கும் வேலையைக் கன்சோல்தான் செய்கிறது. அதனால் உங்கள் ஒரிஜினல் டிஸ்க்கைச் சாதாரண டிவிடி டிரைவில் போட்டு நகலெடுக்கும்போது எந்தப் பூட்டையும் நீங்கள் உடைப்பதில்லை. 'எதற்காகக் கொடுக்கப்பட்டதோ' என்றால் கன்சோலில் ஆடுவதற்கு மட்டும்தானே என்று ஒரு வக்கீல் வாதாடலாம். வாதாடட்டும். சொந்த டிஸ்க், சொந்த வீடு, சொந்த நகல் என்று நிற்பவரின் பக்கம் நியாயம் இருக்கிறது என்பதே நம் வாசிப்பு.

நெட்டில் கிடைக்கும் நகலுக்கு இந்த நியாயம் பொருந்தாது. மீறல் பிரதி என்று தெரிந்தே ஒரு கணினி நிரலைப் பயன்படுத்துவது 63பி பிரிவின்கீழ் குற்றம். குறைந்தது ஏழு நாள், அதிகபட்சம் மூன்று வருடம் சிறை, ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம். லாபத்துக்காக, தொழிலுக்காக இல்லை என்றால் சிறையைத் தவிர்த்து ஐம்பதாயிரம்வரை அபராதத்தோடு விட நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. "24 மணி நேரம் வைத்திருந்து டெலிட் பண்ணிட்டா லீகல்" என்று சில சைட்டுகளில் போட்டிருப்பார்கள். அப்படி ஒரு சட்டம் இல்லவே இல்லை.

நம்ம ஊர் சிக்கல்

வெளிநாட்டு யூடியூபர்கள் "உங்கள் சொந்த டிஸ்க்கை நகலெடுங்கள்" என்று சொல்லிவிட்டு அடுத்த ஸ்டெப்புக்குப் போய்விடுவார்கள். நம்ம ஊரில் கதை அவ்வளவு சுலபம் இல்லை. இங்கே பல வீடுகளில் இருந்த பிஎஸ்2, சிப் போட்டது. டிஸ்க், பர்மா பஜாரிலோ ரிச்சி தெருவிலோ பிளாஸ்டிக் கவரில் வாங்கியது. அட்டைப்படம் கலர் ஜெராக்ஸ். அந்த டிஸ்க்கை நகலெடுத்தால் அது நகலின் நகல். 'சட்டப்படி வைத்திருப்பவர்' என்ற வார்த்தைக்குள் அது வராது.

இதை ஒளித்து வைத்துப் பேசுவதில் அர்த்தமில்லை. ஒரு கேம் இரண்டாயிரம் ரூபாய் விற்ற காலத்தில், அப்பா சம்பளம் எட்டாயிரமாக இருந்த வீட்டில், அந்தக் கவர் டிஸ்க் இல்லாமல் ஒரு தலைமுறைக்கு கேம் என்றால் என்னவென்றே தெரிந்திருக்காது. இன்றைக்கு அதே பையன் ஐடி கம்பெனியில் இருக்கிறான், மாதாமாதம் மூன்று ஓடிடிக்குப் பணம் கட்டுகிறான். அவனிடம் இப்போது காசு இருக்கிறது. வாங்குவதற்குத்தான் கேம் இல்லை.

எல்லாமே இல்லை என்றும் சொல்ல முடியாது. எமுலேட்டரைத் தொடும் முன் கடையை ஒருமுறை பாருங்கள். 'மேக்ஸ் பெய்ன்', 'பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா: சாண்ட்ஸ் ஆஃப் டைம்', 'ஃபைனல் ஃபேன்டஸி 10' எல்லாம் கம்ப்யூட்டருக்கே விற்பனையில் வந்தவை. ஆஃபர் நேரத்தில் ஒரு பிரியாணி விலைகூட இருக்காது. பிஎஸ்5 வைத்திருப்பவர்களுக்கு பிளேஸ்டேஷன் ப்ளஸ் டீலக்ஸில் சில பழைய கேம்கள் உண்டு. சில என்பதை அழுத்திப் படியுங்கள்.

கடையில் இருப்பதும் சில சமயம் அதே கேம் இல்லை. ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ் 2004ல் வந்தது. பத்து வருடம் கழித்து, 2014ல் ஸ்டீமில் ஓர் அப்டேட் வந்து, உரிமம் முடிந்த பாடல்களை ரேடியோவில் இருந்து தூக்கிவிட்டது. காசு கொடுத்து வாங்கியவரின் கம்ப்யூட்டரில் இருந்தே பாட்டுப் போயிற்று. 2021ல் ரீமாஸ்டர் வந்தபோது பழைய பதிப்புகளையே டிஜிட்டல் கடைகளில் இருந்து எடுத்தார்கள். ரீமாஸ்டர் சொதப்பி, ரசிகர்கள் கொந்தளித்த பிறகுதான் கம்ப்யூட்டருக்கு மட்டும் தங்கள் ஸ்டோரில் திருப்பித் தருவதாக ராக்ஸ்டார் அறிவித்தது. உங்கள் வீட்டில் இருக்கும் பிஎஸ்2 டிஸ்க்கில் அந்தப் பாட்டுகளை யாராலும் அழிக்க முடியாது. டிஸ்க் கீறல் விழாமல் இருக்கும்வரை.

யார் காப்பாற்றுகிறார்கள்?

தமிழின் முதல் பேசும்படம் 'காளிதாஸ்' 1931ல் வந்தது. அதன் ஒரு பிரதிகூட இன்று இல்லை. பூனாவில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கியது 1964ல்தான். அதற்குள் போனது போனதுதான். கேம்களில் நாம் இப்போது நிற்பது அந்த 1931க்கும் 1964க்கும் இடைப்பட்ட காலத்தில்.

நம் நாட்டு கேம்களையே எடுத்துக்கொள்வோம். 2009ல் 'ஹனுமான்: பாய் வாரியர்' என்ற பிஎஸ்2 கேம் வந்தது. ஹைதராபாத்தில் உருவானது, முழுக்க இந்தியாவிலேயே செய்த கன்சோல் கேம் என்று சொல்லி விற்றார்கள். அதே வருடம் 'தேசி அட்டா' வந்தது. கபடி, நம்ம கிட்டிப்புள், பட்டம் எல்லாம் கன்சோலுக்கு வந்தது அப்போதுதான். 2010ல் 'ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ்'. உண்மையைச் சொன்னால், விளையாட்டாக இவை சுமார் ரகம். ஹனுமானை வெளிநாட்டு விமர்சகர்கள் துவைத்துத் தொங்கவிட்டார்கள். இருக்கட்டும். முதல் சினிமாக்களும் சுமார்தான். கன்சோலில் இந்தியர்கள் முதன்முதலில் என்ன முயற்சி செய்தார்கள் என்பதற்கு இவைதான் சாட்சி. பிஎஸ்2 உற்பத்தி 2013 தொடக்கத்தோடு உலகம் முழுக்க நின்றுவிட்டது. கன்சோல்களின் லேசர் ஒவ்வொன்றாகச் சாகிறது. இந்த கேம்களைப் பத்து வருடம் கழித்து ஒரு மாணவர் பார்க்க ஆசைப்பட்டால், வழி எமுலேட்டர் மட்டும்தான்.

நூலகங்கள் செய்யலாமே? அமெரிக்காவில் கேட்டுப் பார்த்தார்கள். ஆய்வாளர்கள் வீட்டில் இருந்தபடியே நூலகத்தின் பழைய கேம்களைப் பார்க்க அனுமதி வேண்டும் என்ற கோரிக்கையை 2024 அக்டோபரில் காப்புரிமை அலுவலகம் நிராகரித்தது. பொழுதுபோக்குக்குப் பயன்பட்டுவிடும் என்று கேம் நிறுவனங்களின் சங்கம் எதிர்த்தது. ஆய்வு செய்பவன் சிரித்துவிட்டால் தப்பு என்பது போல.

இதில் பெரிய வேடிக்கை ஒன்று உண்டு. 2018 டிசம்பரில் சோனி, பழைய பிஎஸ்1 கேம்களை உள்ளே வைத்து 'பிளேஸ்டேஷன் கிளாசிக்' என்ற குட்டிக் கன்சோலை விற்றது. உள்ளே அந்த கேம்களை ஓட்டியது எது தெரியுமா? 'பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு' என்ற, தன்னார்வலர்கள் எழுதிய ஓப்பன் சோர்ஸ் எமுலேட்டர். உரிமப்படி அது சரிதான், யாரும் பயன்படுத்தலாம். ஆனால் எமுலேட்டர் ஒரு காலத்தில் கோர்ட்டுக்கு இழுக்கப்பட்ட சமாச்சாரம் என்பதை நினைத்தால் சிரிப்பு வருகிறதா இல்லையா?

அந்தத் தன்னார்வலர்களுக்கு நாம் தரும் மரியாதையும் சொல்லிக்கொள்ளும்படி இல்லை. ஆண்ட்ராய்டு மொபைலில் பிஎஸ்2 கேம்களை நன்றாக ஓட்டிய ஏதர்எஸ்எக்ஸ்2 எமுலேட்டரை அதன் டெவலப்பர் 2023 ஜனவரியில் நிறுத்திவிட்டார். காரணம் சட்டம் இல்லை. பயனர்களிடம் இருந்து வந்த ஓயாத புகார், ஆள்மாறாட்டம், கடைசியில் கொலை மிரட்டல். இலவசமாகச் செய்துகொடுத்த ஒருவருக்கு.

நிறுவனங்களிடம் நாம் கேட்பது பெரிய விஷயமில்லை. விற்க மனமிருந்தால் விற்கட்டும், வாங்குகிறோம். விற்கப் போவதில்லை என்றால், டிஸ்க் வைத்திருப்பவரையும் காப்பகங்களையும் விட்டுவிடட்டும். இந்தியாவில் 52வது பிரிவில் 'தற்காலிகப் பாதுகாப்பு' என்று இருப்பதைக் கன்சோலும் கடையும் செத்துப்போன மென்பொருளுக்காவது 'நிரந்தரப் பாதுகாப்பு' என்று திருத்தினால், பாதிக் குழப்பம் தீரும்.

சரி, செட்டப்

முதலில் லேப்டாப். 64 பிட் விண்டோஸ் 10 அல்லது 11, 8 ஜிபி ரேம் இருக்கட்டும். தனி கிராபிக்ஸ் கார்டு இருந்தால் நல்லது. இல்லாவிட்டாலும் கடந்த ஐந்தாறு வருடத்தில் வாங்கிய ஐ5 லேப்டாப்பில் பெரும்பாலான கேம்கள் ஒரிஜினல் ரெசல்யூஷனில் ஓடும். லினக்ஸ், மேக் பதிப்புகளும் உண்டு.

பிசிஎஸ்எக்ஸ்2வை அதன் அதிகாரப்பூர்வ தளத்தில் இருந்து மட்டும் இறக்குங்கள். கூகுளில் அதே பெயரில் நாலு போலி சைட் வரும். "பயாஸ், கேம் எல்லாம் சேர்த்து ஒரே இன்ஸ்டாலர்" என்று எது சொன்னாலும் ஓடிவிடுங்கள். "பிஎஸ்5 எமுலேட்டர், சர்வே முடித்தால் டவுன்லோடு" என்பது சுத்தமான மோசடி. ஆன்லைனில் 'பத்தாயிரம் கேம் நிரப்பிய ஹார்டு டிஸ்க்' விற்கிறார்களே, அதையும் வாங்காதீர்கள். அந்தக் காசு கேமை எழுதியவருக்கும் போகாது, எமுலேட்டரை எழுதியவருக்கும் போகாது.

அடுத்து பயாஸ். இதில்தான் எல்லோரும் தடுக்கி விழுகிறார்கள். கன்சோலை ஆன் செய்ததும் ஓடும் அடிப்படை மென்பொருள் அது. சோனியுடையது, அதனால் எமுலேட்டரோடு வராது. உங்கள் பிஎஸ்2வில் இருந்தே எடுக்க வேண்டும். ஸ்லிம் மாடல் என்றால் வழி சுலபம்: 'ஃப்ரீ டிவிடி பூட்' என்ற இலவச இமேஜை ஒரு வெற்று டிவிடியில் எழுதிப் போட்டால், கன்சோலின் டிவிடி பிளேயரில் இருக்கும் ஓட்டை வழியாக வெளி மென்பொருள்களைத் திறக்கலாம். ஃபேட்32ல் ஃபார்மட் செய்த பென்டிரைவில் 'பயாஸ்டிரெயின்' என்ற சின்ன மென்பொருளைப் போட்டு, கன்சோலில் செருகி, அதைத் திறந்தால் போதும். சில நிமிடத்தில் பயாஸ் பென்டிரைவுக்கு வந்துவிடும். பழைய தடிமனான மாடல்களுக்கு 'ஃப்ரீ எம்சிபூட்' ஏற்றிய மெமரி கார்டு ஒத்துவரும். கன்சோல் ரிப்பேர் கடைகளில் கேட்டுப் பாருங்கள்.

டிஸ்க்கை நகலெடுக்க டிவிடி டிரைவ் வேண்டும். புது லேப்டாப்களில் அது கிடையாது. யுஎஸ்பியில் செருகும் டிரைவை நண்பரிடம் ஒரு வாரத்துக்குக் கடன் வாங்குங்கள். 'இம்க்பர்ன்' மென்பொருளில் டிஸ்க்கில் இருந்து இமேஜ் உருவாக்கும் ஆப்ஷனைத் தேர்ந்தெடுத்தால் ஐஎஸ்ஓ ஃபைல் கிடைக்கும். ஒரு டிவிடி அதிகபட்சம் நாலரை ஜிபி, இரட்டை அடுக்கு என்றால் இரண்டு மடங்கு. அடிப்பக்கம் நீலமாக இருக்கும் டிஸ்க் டிவிடி இல்லை, சிடி. அதற்கு பின், க்யூ என்று இரண்டு ஃபைல் வரும். இரண்டையும் சேர்த்தே வையுங்கள். இடம் போதவில்லை என்றால் சிஎச்டி வடிவத்துக்கு மாற்றிச் சுருக்கலாம், எமுலேட்டர் அதை நேரடியாகவே படிக்கும்.

பிசிஎஸ்எக்ஸ்2வை முதல் தடவை திறக்கும்போது அதுவே வழிகாட்டும். பயாஸ் எந்த ஃபோல்டர், கேம் எந்த ஃபோல்டர், எந்த கன்ட்ரோலர். எக்ஸ்பாக்ஸ் பேடோ, பிஎஸ்4 பேடோ செருகினால் பட்டன்களை அதுவே பொருத்திக்கொள்ளும். கீபோர்டிலும் ஆடலாம், ஆனால் ரெஸ்லிங் கேமைக் கீபோர்டில் ஆடுவது செருப்பில்லாமல் மெரினா மணலில் மதியம் நடப்பது மாதிரி.

செட்டிங்ஸில் கை வைக்காதீர்கள். பழைய யூடியூப் வீடியோக்கள் பத்து ஆப்ஷனை மாற்றச் சொல்லும். அவை பழைய பதிப்புகளுக்கானவை. எந்த கேமுக்கு எந்தத் திருத்தம் வேண்டும் என்ற பட்டியல் இப்போது எமுலேட்டருக்குள்ளேயே இருக்கிறது, தானாகப் போட்டுக்கொள்ளும். நீங்கள் தொட வேண்டியது இன்டர்னல் ரெசல்யூஷன் ஒன்றை மட்டும். இரண்டு மடங்கு வைத்தால் ஏறக்குறைய 720பி, மூன்று மடங்கு என்றால் 1080பி. பழைய டிவியில் மங்கலாகப் பார்த்த முகங்கள் பளிச்சென்று தெரியும். (சில முகங்கள் மங்கலாகவே இருந்திருக்கலாம் என்றும் தோன்றும்.) திணறினால் ஒரு படி இறக்குங்கள்.

எஃப்1 அழுத்தினால் ஆட்டம் அந்த நொடியில் அப்படியே சேவ் ஆகும், எஃப்3 அழுத்தினால் அங்கேயே திரும்பும். வசதிதான். ஆனால் அதை மட்டும் நம்பாதீர்கள். எமுலேட்டரை அப்டேட் செய்தால் அந்த சேவ் திறக்காமல் போகலாம். கேமுக்குள்ளேயே இருக்கும் மெமரி கார்டு சேவையும் சேர்த்துச் செய்யுங்கள்.

அப்புறம், பரணில் கன்சோலைத் தேடும்போது அந்தக் கறுப்பு 8 எம்பி மெமரி கார்டையும் எடுத்துவிடுங்கள். பயாஸ் எடுக்கக் கன்சோலைத் திறக்கும் அதே நேரத்தில், 'யூலாஞ்ச்எல்ஃப்' என்ற ஃபைல் மேனேஜர் வழியாக அதில் உள்ள சேவ்களையும் பிஎஸ்யு ஃபைலாகப் பென்டிரைவுக்கு மாற்றலாம். 'மைஎம்சி' என்ற இலவச மென்பொருள் அவற்றை எமுலேட்டரின் மெமரி கார்டுக்குள் போட்டுவிடும். சிஸ்டம் செட்டிங்ஸ் சேமித்திருக்கும் ஃபைலை மட்டும் விட்டுவிடாதீர்கள். பிஎஸ்2 ஆன் ஆகும்போது இருட்டில் கட்டடங்கள் போலக் கோபுரங்கள் எழுந்து நிற்குமே, அது வெறும் அலங்காரம் இல்லை. நீங்கள் எந்தெந்த கேமை எத்தனை முறை ஓட்டினீர்கள் என்று கார்டில் பதிவாகியிருக்கும் கணக்கை வைத்துத்தான் அவை வளரும். எமுலேட்டரில் ஃபாஸ்ட் பூட்டை விட்டுவிட்டு ஃபுல் பூட் கொடுத்தால், 2006 கோடை விடுமுறையில் நீங்கள் கட்டிய கோபுரங்கள் அதே உயரத்தில் வந்து நிற்கும்.